உல்ரிக் மியூஹே கேட்டுக்கொண்டிருக்கிறார்: ஒரு ப்ளூரே டிஸ்க் விமர்சனம்

முப்பத்தாறு வருடம் தொலைபேசித் துறையில் வேலை பார்த்தவள் நான். 1978-இல் சேர்ந்தேன். முதல் பதினான்கு வருடம், வெளியூர் அழைப்புகளைக் கையால் இணைத்துக்கொடுக்கும் ட்ரங்க் எக்ஸ்சேஞ்சில், போர்டு முன்னால். தலையில் ஹெட்செட், கையில் இணைப்பு வயர், எதிரே மினுக்கும் விளக்குகள். காதில் யாரோ பேசிக்கொண்டிருக்கும்போது பக்கத்து சீட்டில் இருப்பவளின் முகம் எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும். கண் திறந்திருக்கும், ஆனால் எதையும் பார்க்காது. கழுத்து லேசாக ஒரு பக்கம் சாயும். உடம்பில் உயிர் இருப்பதெல்லாம் காதில் மட்டும்தான் என்பதுபோல் இருக்கும். ஒட்டுக்கேட்கிற காட்சிகளைச் சினிமாவில் எத்தனையோ பார்த்திருக்கிறேன். எல்லோரும் கேட்பதுபோல நடிப்பார்கள், அதாவது புருவத்தைத் தூக்குவார்கள். அந்த உண்மையான முகத்தை நான் திரையில் முதன்முதலாகப் பார்த்தது ஒரு ஜெர்மன் நடிகரிடம். அவர் பெயர் உல்ரிக் மியூஹே. படம் ‘தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்’, 2006-இல் வந்தது. ஜெர்மன் தலைப்புக்கும் அதுதான் பொருள்: மற்றவர்களின் வாழ்க்கை.

அக்கா மகன் ஒரு நாள் வீட்டில் போட்டுக் காட்டினான். அதன்பிறகு இரண்டு மாதம் அந்த முகம் என்னை விடவில்லை. கடைசியில் ப்ளூரே டிஸ்க்கையே வாங்கிவிட்டேன். இது அந்த டிஸ்க்கைப் பற்றியும், அதைவிட அதிகமாக அந்த மனிதரைப் பற்றியும். ஏனென்றால் டிஸ்க்கில் படம் இருக்கிறது, அவர் எங்கிருந்து வந்தார் என்பது இல்லை. அது தெரியாமல் பார்த்தால் பாதிதான் பார்த்ததாகும்.

முதலில் டிஸ்க். நான் வாங்கியது சோனி வெளியிட்டது. இணையத்தில் ஒரு விற்பனையாளரிடம் ரூ. 1,850 கொடுத்து வாங்கினேன். மெல்லிய கவரில் வெறுமனே போட்டு அனுப்பியிருந்தார்கள். பெட்டியின் ஓரம் நசுங்கி, டிஸ்க்கைப் பிடித்திருக்கும் பற்களில் இரண்டு உடைந்திருந்தன. படம் எடுத்து அனுப்பிப் புகார் சொன்னேன், இன்றுவரை பதில் இல்லை. நல்லவேளை, டிஸ்க்கில் கீறல் இல்லை. வாங்குகிறவர்கள் குமிழி உறை சுற்றி அனுப்புவார்களா என்று முன்னாலேயே கேட்டுக்கொள்ளுங்கள்.

ஓடும் நேரம் 137 நிமிடம். ஜெர்மன் ஒலி, ஆங்கில சப்டைட்டில். இந்தப் படத்துக்கு நிறம் முக்கியம். கிழக்கு ஜெர்மனியின் நினைவைக் கொண்டுவருவதற்காக இயக்குநர் ஃப்ளோரியன் ஹென்கல் ஃபான் டோனர்ஸ்மார்க் சிவப்பையும் நீலத்தையும் முடிந்தவரை ஒதுக்கிவிட்டு, பழுப்பு, சாம்பல், மங்கிய பச்சை இவற்றிலேயே படத்தை எடுத்திருக்கிறார். சாதாரண டிவிடி நகலில் அது வெறும் இருட்டாகத்தான் தெரிந்தது. இதில் பழுப்பிலேயே பத்து வகை தெரிகிறது. கதையில் வரும் எழுத்தாளனின் வீட்டுப் பழுப்பு மரத்தின் நிறம், சூடானது. மியூஹே நடிக்கும் உளவு அதிகாரியின் வீட்டுச் சாம்பல் சிமெண்டின் நிறம். ஒளிப்பதிவாளர் ஹாகன் போக்டான்ஸ்கி செய்த வேலை ப்ளூரேயில்தான் புரிந்தது. அப்புறம், எழுத்தாளன் ஒளித்துவைத்த தட்டச்சு இயந்திரத்தில் சிவப்பு ரிப்பன் மட்டும்தான் கிடைக்கும். படம் முழுக்கச் சிவப்பைக் காணாத கண்ணுக்கு, காகிதத்தில் விழும் அந்தச் சிவப்பு எழுத்து பொட்டுபோல் பளிச்சென்று இருக்கிறது. பின்னால் ஓர் அறிக்கையின் ஓரத்தில் சிவப்பாக ஒரு விரல் தடம் வரும். படத்தின் முடிச்சே அதில்தான் அவிழ்கிறது. அந்தச் சிவப்பு மங்கலாகத் தெரிந்தால் எல்லாம் போச்சு. இதில் மங்கவில்லை.

ஒலியைப் பற்றிச் சொல்ல எனக்குக் கொஞ்சம் உரிமை உண்டு. ஹெட்போன் மாட்டிக்கொண்டு பாருங்கள். இசை ஓய்ந்த இடங்களில் இருக்கும் வெறுமையைக் கேளுங்கள். யாரும் பேசாத லைனிலும் ஒரு சத்தம் உண்டு. போர்டில் உட்கார்ந்தவர்களுக்கு அது தெரியும். ஆள் வைத்துவிட்டாரா, வைக்காமல் மௌனமாக நிற்கிறாரா என்பதை அந்தச் சத்தத்தை வைத்தே சொல்லிவிடுவோம். இந்தப் படத்தில் அந்த மௌனம் இருக்கிறது.

கதை கிழக்கு பெர்லினில், 1984-இல் தொடங்குகிறது. ஸ்டாஸி என்ற அரசு உளவுத் துறை. ஒன்றேமுக்கால் கோடிப் பேருக்கும் குறைவாக வாழ்ந்த கிழக்கு ஜெர்மனியில், 1989-இல் முழுநேர ஊழியர்கள் மட்டும் சுமார் 91,000 பேர். தகவல் கொடுத்துக்கொண்டிருந்த அக்கம்பக்கத்தார், நண்பர்கள், உடன் வேலை செய்தவர்கள் இதில் சேர்த்தி இல்லை. மியூஹே நடிப்பது கெர்ட் வீஸ்லர் என்ற அதிகாரி. ஓர் எழுத்தாளனின் வீட்டுச் சுவரெல்லாம் மைக் பதித்துவிட்டு, அதே கட்டடத்தின் மேல்தளத்தில் உட்கார்ந்து கேட்கிறார். வீட்டின் வரைபடத்தைத் தரையில் சாக்பீஸால் போட்டுக்கொள்கிறார்.

முதல் காட்சியிலேயே அவரை யாருக்கும் பிடிக்காது. விசாரணை நடத்துவது எப்படி என்று ஸ்டாஸி கல்லூரியில் வகுப்பெடுக்கிறார். தூங்கவிடாமல் ஒரு கைதியை விசாரித்த ஒலிநாடாவை ஓடவிடுகிறார். நிரபராதிக்கு நேரம் ஆக ஆகக் கோபம் வரும், குற்றவாளி அமைதியாகிவிடுவான் அல்லது அழுவான் என்று பாடம். இது மனிதத்தன்மையா என்று ஒரு மாணவன் கேட்கிறான். மியூஹே குரலை உயர்த்துவதில்லை. மாணவர்கள் உட்கார்ந்திருக்கும் வரிசைப் பட்டியலில் அந்தப் பையனின் பெயருக்குப் பக்கத்தில் ஒரு பெருக்கல் குறி போடுகிறார், அவ்வளவுதான். என் மேற்பார்வையாளர் ஒருவர் இப்படித்தான், திட்டவே மாட்டார், நோட்டில் எழுதிக்கொள்வார். அவரைக் கண்டால்தான் எல்லோருக்கும் அதிக பயம்.

இந்த மனிதர் எப்படி மாறுகிறார் என்பதுதான் படம். ஆனால் மாறினார் என்று எந்த இடத்தையும் சுட்டிக்காட்ட முடியாது. நான் நாலு முறை பார்த்துவிட்டேன், இன்னும் அந்த இடம் கிடைக்கவில்லை. எழுத்தாளனின் நண்பர் ஒருவர் தூக்குப் போட்டுக்கொண்ட செய்தி போனில் வருகிறது. அவர் பரிசாகக் கொடுத்த இசைத்தாளை எடுத்துவைத்து எழுத்தாளன் பியானோ வாசிக்கிறான். மேலே, ஹெட்போனோடு மியூஹே. கேமரா அவருக்குப் பின்னாலிருந்து மெதுவாகச் சுற்றிவந்து முகத்துக்கு வருகிறது. ஒரு துளி கண்ணீர் இறங்கியிருக்கிறது. எல்லோரும் அந்தக் கண்ணீரைப் பற்றி எழுதுகிறார்கள். எனக்கு அந்தக் கண்ணீரைவிட, கண்ணீரை அவர் துடைக்காமல் இருப்பதுதான் பெரிதாகத் தெரிகிறது. தான் அழுவது அவருக்கே தெரியவில்லை. காதில் ஆள் இருக்கும்போது முகம் நம்முடையது இல்லை. மரணச் செய்தி சொல்லும் கால்களை நான் நூற்றுக்கணக்கில் இணைத்திருக்கிறேன். பேசுகிறவர்களுக்கு நடுவில் மூன்று நிமிடம் முடிந்தது என்று சொல்ல நாங்கள் லைனில் வர வேண்டியிருக்கும். அந்த நொடி எங்கள் முகம் எப்படி இருந்தது என்று எங்களில் யாருக்கும் தெரியாது. மியூஹேக்குத் தெரிந்திருக்கிறது.

இன்னொரு காட்சி. அடுக்குமாடி வீட்டின் லிஃப்டில் பந்தோடு ஒரு சிறுவன் ஏறுகிறான். நீங்கள் ஸ்டாஸியா, ஆட்களைச் சிறையில் போடும் கெட்டவர்கள் என்று அப்பா சொன்னார் என்கிறான். மியூஹே பழக்க தோஷத்தில், பெயர் என்ன என்று கேட்கத் தொடங்கி நிறுத்துகிறார். அப்பாவின் பெயரைக் கேட்க வந்தவர், உன் பந்தின் பெயர் என்ன என்று முடிக்கிறார். வாக்கியத்தின் நடுவில் ஒரு சின்ன இடைவெளிதான். அவ்வளவு சின்ன இடத்தில் ஒரு மனிதனின் இத்தனை வருட உத்தியோகம் வழுக்கி விழுவதை நான் வேறெங்கும் பார்த்ததில்லை.

குறைகளும் உண்டு. மந்திரி பாத்திரம் வெறும் வில்லனாக நிற்கிறது. மார்ட்டினா கெடெக் எவ்வளவோ நன்றாக நடித்தும், எழுத்தாளனின் காதலியான நடிகை கிறிஸ்டா மரியாவுக்குக் கதை நியாயம் செய்யவில்லை. ஆண்கள் இருவர் நல்லவர்களாக ஆவதற்கு அவள் விலை கொடுக்கிறாள். சில இடங்களில் இசை நம் கையைப் பிடித்து இழுக்கிறது. ஜெர்மனியில் எழுந்த ஆட்சேபம் இதையெல்லாம்விடக் கனமானது. ஸ்டாஸியின் பழைய சிறையான ஹோஹன்ஷோன்ஹவுசன் இப்போது நினைவிடம். அதன் அப்போதைய இயக்குநர் ஹுபர்ட்டஸ் க்னாபே அங்கே படம்பிடிக்க அனுமதி தரவில்லை. ஒரு ஸ்டாஸி அதிகாரியை நாயகனாக்குவதை அவர் ஏற்கவில்லை. அப்படி நடந்துகொண்ட அதிகாரி யாரும் இருந்ததில்லை என்பது அவர் வாதம். அந்த வாதத்தில் நியாயம் இருக்கிறது. நான் அந்தச் சிறையில் இருந்தவளாக இருந்தால் எனக்கும் கோபம் வந்திருக்கும். ஆனால் மியூஹே அந்த அதிகாரிக்காக நம்மிடம் மன்னிப்புக் கேட்கவில்லை. கடைசிவரை அந்தச் சாம்பல்நிற ஜாக்கெட்டின் ஜிப்பைக் கழுத்துவரை ஏற்றிக்கொண்டு, யாருடைய பாராட்டும் தனக்கு உரியதில்லை என்பதுபோல் நடக்கிறார்.

சரி, டிஸ்க்கின் கூடுதல் பகுதிகள். இயக்குநரின் ஆங்கில விளக்கவுரை, படம் உருவான விதம் பற்றிச் சிறு ஆவணப்படம், நீக்கிய காட்சிகள், இயக்குநரின் பேட்டி. விளக்கவுரை அருமை. அவருக்கு இது முதல் முழுநீளப் படம், ஆஸ்கர் வாங்கியபோது வயது 33. ஒவ்வொரு பொருளையும் ஏன் வைத்தார் என்று சொல்கிறார். ஆனால் எங்கு திருப்பினாலும் இயக்குநர்தான். நடிகருக்கென்று தனியாக ஒரு பகுதி இல்லை. முப்பது வருடம் மேடையில் நின்ற ஒரு மனிதரின் வாழ்க்கையை இப்படி விட்டுவிட்டது எனக்குப் பெரிய மனக்குறை. அதனால் நான் தேடித் தெரிந்துகொண்டதை இங்கே எழுதுகிறேன்.

மியூஹே 1953 ஜூன் 20 அன்று சாக்சனியில் உள்ள கிரிம்மா என்ற சிறு ஊரில் பிறந்தவர். அப்பா விலங்குத் தோலிலிருந்து ரோம ஆடை தைக்கும் தொழிலாளி. பையன் முதலில் கற்றுக்கொண்டது கட்டட வேலை. பிறகு கட்டாய ராணுவ சேவை. எங்கே போட்டார்கள் தெரியுமா? பெர்லின் சுவரில், எல்லைக் காவலுக்கு. தப்பி ஓடுகிறவர்களைச் சுடலாம் என்ற உத்தரவோடு நிற்க வேண்டிய இடம். அங்கே அவருக்கு வயிற்றில் புண் வந்தது, சேவையிலிருந்து விடுவித்தார்கள். நாலைந்து வரியில் கடந்து போகிற தகவல்தான். ஆனால் இதைப் படித்த பிறகு மறுபடி டிஸ்க்கைப் போட்டேன். அந்த முதுகு ஏன் அப்படி விறைத்திருக்கிறது என்று புரிந்தது. அது வெளியிலிருந்து பார்த்துச் செய்தது இல்லை.

1975 முதல் 1979 வரை லைப்ஜிக் நாடகக் கல்லூரியில் படித்தார். பிறகு கார்ல் மார்க்ஸ் ஷ்டாட் நகர நாடக அரங்கில் வேலை. இன்று அந்த ஊருக்குக் கெம்னிட்ஸ் என்ற பழைய பெயரே திரும்பிவிட்டது. நாடகாசிரியர் ஹைனர் மியூலர் தன் ‘மக்பெத்’துக்காக 1982-இல் அவரை பெர்லினுக்கு அழைத்துவந்தார். அடுத்த ஆண்டு டாய்ச்சஸ் தியேட்டரில் நிரந்தர இடம். ஜெர்மன் நாடக உலகில் அங்கே இடம் கிடைப்பது, நம் ஊரில் சங்கீதக்காரர் ஒருவர் டிசம்பர் சீசனின் மாலைக் கச்சேரிக்கு ஏறுவது மாதிரி. கெதேயின் எக்மான்ட், இப்சனின் பியர் கிண்ட் என்று பெரிய பாத்திரங்கள் எல்லாம் அவருக்கு வந்தன. சினிமாவிலும் 1985-இல் கவிஞர் ஹோல்டர்லினாக நடித்தார்.

1989 கோடையின் முடிவில் மியூலர் ‘ஹாம்லெட்’ ஒத்திகையைத் தொடங்குகிறார், மியூஹேதான் ஹாம்லெட். ஷேக்ஸ்பியரோடு தன் ‘ஹாம்லெட் மெஷின்’ பிரதியையும் சேர்த்து, ஏறக்குறைய எட்டு மணி நேரம் ஓடும் நாடகம். உள்ளே, அழுகிப்போன அரசு என்று ஷேக்ஸ்பியர் எழுதியதை ஒத்திகை பார்க்கிறார்கள். வெளியே, உண்மையான அரசு சரிந்துகொண்டிருக்கிறது. மக்கள் ஹங்கேரி வழியாக ஓடுகிறார்கள், லைப்ஜிக் தெருக்களில் ஊர்வலம். நடிகர்கள் ஒத்திகையை விட்டுத் தெருவுக்குப் போகிறார்கள், திரும்ப வருகிறார்கள். அக்டோபர் 28 அன்று டாய்ச்சஸ் தியேட்டர் மேடையில் மியூஹே தனியாக உட்கார்ந்து ஒரு புத்தகத்தை வாசித்தார். அது 1957-இல் பொய் வழக்கில் சிறைத் தண்டனை பெற்ற பதிப்பாளர் வால்டர் யான்காவின் நினைவுக்குறிப்பு. கிழக்கில் அச்சேற வழியில்லாமல் மேற்கு ஜெர்மனியில் வெளிவந்தது. வேடம் இல்லை, வசனம் இல்லை, வெறும் வாசிப்பு. நாற்பது வருடம் யாரும் சத்தமாகச் சொல்லாததை ஒரு நல்ல குரல் எழுத்தெழுத்தாகச் சொல்லக் கேட்டுக்கொண்டு அரங்கம் உட்கார்ந்திருப்பதை நினைத்துப் பாருங்கள்.

ஒரு வாரம் கழித்து, நவம்பர் 4. பெர்லின் நாடகக் கலைஞர்கள் முன்னின்று ஏற்பாடு செய்த கூட்டம், அலெக்சாண்டர்பிளாட்ஸில். லட்சக்கணக்கானோர் வந்தார்கள். நாடகாசிரியர் பிரெக்டின் பேத்தியான நடிகை யோஹானா ஷால், அவரோடு மியூஹே. இருவரும் நாட்டின் அரசியல் சட்டத்தில் பேச்சுரிமையும் கூடும் உரிமையும் சொல்லும் 27, 28-ஆம் பிரிவுகளை உரக்கப் படித்தார்கள். இருக்கிற சட்டத்தைத்தான் படித்தார்கள்! ஐந்தாம் நாள் சுவர் திறந்தது. ‘ஹாம்லெட்’ அரங்கேறியது 1990 மார்ச்சில். தொடங்கியபோது இருந்த நாடு அதற்குள் கிட்டத்தட்ட இல்லாமல் போயிருந்தது. அந்த நாடகம் முழுதாக என் கைக்குக் கிடைக்கவில்லை, துண்டுதுண்டாகத்தான் பார்த்தேன். ஒல்லியான ஓர் உருவம், வெளிறிய முகம். வசனத்தைக் கத்தாமல், எங்கிருந்தோ காதில் விழுவதைத் திருப்பிச் சொல்வதுபோல் சொல்கிறார். எனக்கு அது போதுமானதாக இருந்தது.

1992 முதல் ஸ்டாஸி கோப்புகளைச் சம்பந்தப்பட்டவர்களே படித்துப் பார்க்கலாம் என்றானது. மியூஹேயைப் பற்றியும் கோப்பு இருந்தது. கூட நடித்தவர்களிலேயே சிலர் தன்னைப் பற்றித் தகவல் கொடுத்துவந்தார்கள் என்று அவர் பின்னால் சொன்னார். இந்தப் படத்தின் வேடத்துக்கு எப்படித் தயாரானீர்கள் என்று கேட்டபோது, நினைவுபடுத்திக்கொண்டேன் என்று மட்டும் பதில் சொன்னாராம். சுவருக்கு மேல் துப்பாக்கியோடு நின்றவரும் அவர்தான், சுவருக்கு உள்ளே ஒட்டுக்கேட்கப்பட்டவரும் அவர்தான். எங்கள் பாஷையில் சொன்னால், லைனின் இரண்டு முனையிலும் இருந்தவர். டிஸ்க்கின் கூடுதல் பகுதியில் இந்த ஒன்றையாவது சொல்லியிருக்க வேண்டும். இதைத் தெரிந்துகொண்டு பார்க்கும்போது, மேல்தளத்தில் அவர் கேட்கிற முகத்தில், கேட்கப்படுகிறவனின் பயமும் சேர்ந்து தெரிகிறது.

இந்தப் படத்தோடு அவரை நிறுத்திவிடாதீர்கள். ஆஸ்திரிய இயக்குநர் மைக்கேல் ஹானெகேயின் ‘பென்னிஸ் வீடியோ’, 1992, அவசியம் பாருங்கள். மகன் ஒரு பெண்ணைக் கொன்றுவிட்டான் என்று அறிந்த தகப்பனாக மியூஹே. கத்தவில்லை, அடிக்கவில்லை. மனைவியோடு உட்கார்ந்து கணக்குப் போடுகிறார்: யாருக்குத் தெரியும், யார் பார்த்திருப்பார்கள், உடலை என்ன செய்வது. மின்கட்டணம் கட்டுவதைப் பேசுவதுபோன்ற குரல். அந்தப் பேச்சை மகன் பதிவு செய்துவிடுகிறான். அந்தப் பதிவே பின்னால் போலீஸுக்குப் போகிறது. பதினான்கு வருடம் கழித்து ஹெட்போன் மாட்டப்போகிறவர், இங்கே கேட்கப்படுகிற பக்கம்.

அதே இயக்குநரின் ‘ஃபன்னி கேம்ஸ்’, 1997. இதைப் பரிந்துரைக்கத் தயக்கமாக இருக்கிறது, மனது தாங்காதவர்கள் தொட வேண்டாம். விடுமுறை வீட்டுக்கு வரும் ஒரு குடும்பத்தை இரண்டு இளைஞர்கள் சித்திரவதை செய்கிறார்கள். தொடக்கத்திலேயே தகப்பனின் காலை கோல்ஃப் மட்டையால் உடைத்துவிடுகிறார்கள். அதன்பின் மியூஹே பெரும்பாலும் உட்கார்ந்த இடத்திலேயே. எந்த நாயகனுக்கும் இப்படி ஒரு வேடம் பிடிக்காது: காப்பாற்ற முடியாத அப்பா. மனைவியாக நடித்தவர் சூசன்னே லோதார், நிஜத்திலும் அவர் மனைவி, அந்த ஆண்டுதான் மணந்துகொண்டார்கள். மகன் இறந்த பிறகு அந்த இருவரும் அறையில் இருக்கும் ஒரே நீண்ட ஷாட் பத்து நிமிடத்தை நெருங்கும். மியூஹேயின் உடம்பிலிருந்து வரும் அழுகையின் சத்தத்தைக் கேட்டு நான் டிவியை நிறுத்திவிட்டேன். மறுநாள்தான் மீதியைப் பார்க்க முடிந்தது.

கோஸ்டா காவ்ராஸின் ‘ஆமென்’, 2002. அதில் பெயரில்லாமல் டாக்டர் என்று மட்டும் வரும் நாஜியாக நடித்திருக்கிறார். சிரித்துக்கொண்டே பேசும் வேடம். அவரோடு உல்ரிக் துகூர். இவர்தான் ‘தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்’ படத்தில் மேலதிகாரியாக வருகிறவர், ‘ஆமென்’ படத்தில் இவர்கள் பங்கு தலைகீழ், கெட்டவர் மியூஹே. ஹிட்லரின் போலி டைரிகளைப் பற்றிய ‘ஷ்டோங்க்’ நகைச்சுவைப் படத்திலும் மியூஹே உண்டு.

ஜெர்மனியில் வீட்டுக்கு வீடு அவரைத் தெரிந்தது தொலைக்காட்சியால். ‘டேர் லெட்ஸ்டே ஸாய்கே’, அதாவது கடைசி சாட்சி, 1998 முதல் 2007 வரை 73 பகுதிகள் ஓடிய தொடர். பெர்லினில் பிணப் பரிசோதனை செய்யும் டாக்டர் ராபர்ட் கோல்மாராக வந்தார். இறந்தவர்தான் கடைசி சாட்சி, அந்த சாட்சி சொல்வதைக் கேட்கத் தெரிந்தவர் டாக்டர். தொடர் நடித்துக்கொண்டே மேடையையும் விடவில்லை. 2005-இல் பெர்லின் ஷாவ்ப்யூனே அரங்கில் தாமஸ் ஆஸ்டர்மையர் இயக்கத்தில் சாரா கேனின் நாடகத்தில் நடித்தார், அதற்கு முந்தைய ஆண்டு மியூலரின் நாடகம் ஒன்றைத் தானே இயக்கினார். தன்னை மேடையில் ஏற்றிவிட்டவர் இறந்து எட்டு வருடத்துக்கு மேல் ஆன பிறகு செய்த மரியாதை அது.

‘தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்’ படத்துக்காக 2006-இல் ஜெர்மன் திரைப்பட விருதும் ஐரோப்பியத் திரைப்பட விருதும், இரண்டிலும் சிறந்த நடிகர். 2007 பிப்ரவரி 25 அன்று லாஸ் ஏஞ்சலிஸில் படம் ஆஸ்கர் வாங்கியபோது அரங்கில் இருந்தார். உடனே ஜெர்மனி திரும்பி அறுவை சிகிச்சை செய்துகொள்ள வேண்டியிருந்தது. வயிற்றில் புற்றுநோய். ஜூலை 22 அன்று, சாக்சனி அன்ஹால்ட்டில் உள்ள வால்பெக் கிராமத்தில் இறந்தார். வயது 54. ஐம்பத்திரண்டு வயதுவரை உலகத்துக்குத் தெரியாமல் இருந்து, தெரிந்த கையோடு போய்விட்டார். இதை முதலில் படித்த அன்று, முகம் தெரியாத ஒரு மனிதருக்காக நான் அழுதேன். இல்லை, முகம் நன்றாகத் தெரிந்த மனிதருக்காக. மகள் அன்னா மரியா மியூஹேயும் நடிகை. சில கோணங்களில் அந்தக் கண்கள் அப்படியே இருக்கின்றன.

டிஸ்க்கை வாங்கலாமா என்று கேட்டால், படத்துக்காகவும் ஒலிக்காகவும் தாராளமாக வாங்குங்கள். கூடுதல் பகுதிகளை நம்பி வாங்க வேண்டாம். சப்டைட்டில் எழுத்து தெளிவாக இருக்கிறது, என் வயதுக்காரர்களுக்கும் படிக்கும் நேரம் போதும். முதல் முறை அதைப் படித்துப் பாருங்கள். இரண்டாம் முறை பியானோ காட்சிக்கு வந்ததும் சப்டைட்டிலை அணைத்துவிடுங்கள், அங்கே படிக்க ஒன்றும் இல்லை. கடைசி வசனத்துக்கு மட்டும் மறுபடி போட்டுக்கொள்ளுங்கள். புத்தகக் கடையில் ஒரு கேள்விக்கு அவர் சொல்லும் பதில் அது. என்ன பதில் என்று இங்கே எழுதப் போவதில்லை. அந்த ஒரு வரியைச் சொல்லும்போது மட்டும், 137 நிமிடத்தில் முதல் முறையாக, அவர் முகம் அவருடையதாக இருக்கிறது.

போன வாரம் டிஸ்க்கை எனக்கு சீனியராக இருந்த அக்காவிடம் கொடுத்தேன். அதே எக்ஸ்சேஞ்ச், அதே போர்டு, அவருக்கு இப்போது 74 வயது. ராத்திரி பத்தரைக்குப் போன் பண்ணினார். அழுதிருக்கிறார் என்று குரலிலேயே தெரிந்தது. ஆனால் முதலில் கேட்டது இதுதான்: “ஏன்டி, நைட் ரிலீவருக்கு வர்றவன் அங்கேயும் லேட்டாத்தான் வர்றான், பாத்தியா?” அப்புறம் வெகுநேரம் இரண்டு பேரும் ஒன்றும் பேசவில்லை. லைன் மட்டும் திறந்திருந்தது.